சுழிப்பிழையும் ஒரு சின்னத் தகடும்: காரின் தொண்டை பேசும் வரலாறு

கொஞ்சம் நீளமான பதிவு. நிதானமாக, நேரம் இருக்கும்போது படியுங்கள்.

நம் குழுவில் போன வாரம் ஒரு கேள்வி வந்தது. கேட்டவர் பட்டறை வைத்திருக்கும் நம் பழைய மாணவர். "சார், த்ராட்டில் பாடியைக் கழற்றி நல்லா சுத்தம் பண்ணி மாட்டுறோம். ஆனா அதுக்கப்புறம்தான் வண்டி மோசமா ஓடுது. ஸ்லோவுல நிக்கும்போதே இன்ஜின் கத்துது, இல்லைன்னா ஏறி ஏறி இறங்குது. அழுக்கா இருந்தப்ப ஒழுங்கா ஓடின வண்டி, சுத்தம் பண்ணினா கெடுவானேன்?"

இதற்குப் பதில் இரண்டே வரிதான். அந்த இரண்டு வரிக்குப் பின்னால் 200 ஆண்டுக்கும் மேற்பட்ட வரலாறு இருக்கிறது. அது கார் வைத்திருப்பவர், பழுது பார்ப்பவர், கார் கம்பெனியில் மென்பொருள் எழுதுபவர் என்று எல்லோரையும் தொடுகிற வரலாறு. நம் குழுவில் இந்த மூன்று வகையினரும் இருக்கிறீர்கள். அதனால்தான் விரிவாக எழுதுகிறேன்.

முதலில் நம் இயற்பியல் ஆய்வகத்துக்குப் போவோம். திருகு அளவியைக் கையில் கொடுத்ததும் கம்பியின் விட்டத்தை அளக்கச் சொல்ல மாட்டேன். "முதல்ல ரெண்டு முகத்தையும் சேர்த்து வச்சு, சுழிப்பிழை பாரு" என்பேன். தலைக்கோலின் சுழி, புரிக்கோலின் கோட்டோடு பொருந்துகிறதா, மேலே நிற்கிறதா, கீழே நிற்கிறதா என்று பார்த்து, சுழித்திருத்தம் எழுதிய பிறகுதான் அளவீடு. சுழி எங்கே என்று தெரியாத கருவி எவ்வளவு நுட்பமாக இருந்தாலும் தவறான விடையைத்தான் நுட்பமாகத் தரும். இந்த ஒரு பாடத்தை மனத்தில் வைத்துக்கொண்டால் கீழே வருவது எல்லாம் எளிதாகப் புரியும்.

த்ராட்டில் என்பது என்ன? காற்று போகிற குழாய்க்குள் ஒரு வட்டத் தகடு. நடுவில் ஓர் அச்சு. தகடு குறுக்கே நின்றால் பாதை அடைபடும், நீளவாக்கில் திரும்பினால் திறக்கும். பட்டாம்பூச்சி இறக்கை விரிப்பது போல இருப்பதால் பட்டர்ஃப்ளை வால்வு என்றும் சொல்வார்கள். த்ராட்டில் என்ற ஆங்கிலச் சொல் தொண்டையைக் குறிக்கும் சொல்லிலிருந்து வந்தது. தொண்டையை நெரித்தால் மூச்சு குறையும், விட்டால் கூடும். பெட்ரோல் இன்ஜினின் வேகத்தை நாம் கட்டுப்படுத்துவது இப்படித்தான். ஆக்சிலரேட்டரை மிதித்தால் பெட்ரோல் பாய்கிறது என்று பலர் நினைக்கிறார்கள். மிதி நேராகத் திறப்பது காற்றின் பாதையை. உள்ளே போகிற காற்றுக்கு ஏற்றபடிதான் பெட்ரோல் போகும்.

இந்தத் தகடு காரைவிட வயதில் மூத்தது. ஜேம்ஸ் வாட் தம் நீராவி இன்ஜினில், நீராவி வரும் குழாயில் இதை வைத்தார். அதை ஓர் ஆள் நின்று திருப்பிக்கொண்டிருக்க வேண்டும். மில்லில் சுமை கூடினால் இன்ஜின் தளரும், சுமை குறைந்தால் தறிகெட்டு ஓடும். 1788-இல் வாட் இதற்குத் தீர்வு கண்டார். மாவு ஆலைகளில் ஏற்கெனவே பயன்பட்ட ஒரு சாதனத்தைத் தம் இன்ஜினுக்குப் பொருத்தினார். சுழலும் அச்சில் இரண்டு இரும்புக் குண்டுகள். வேகம் கூடினால் குண்டுகள் மையவிலக்கு விசையால் அகன்று மேலே எழும், அந்த அசைவு நெம்புகோல் வழியாக த்ராட்டிலை மூடும். வேகம் குறைந்தால் குண்டுகள் தாழும், த்ராட்டில் திறக்கும். இதுதான் உங்கள் பாடப்புத்தகத்தில் படம் போட்டிருந்த கவர்னர்.

கவர்னருக்கும் ஒரு நோய் உண்டு. சில இன்ஜின்களில் வேகம் ஓரிடத்தில் நிற்காமல் ஏறுவதும் இறங்குவதுமாக அலையும். ஆங்கிலத்தில் இதை 'ஹன்ட்டிங்', அதாவது வேட்டையாடுதல் என்பார்கள். சரியான வேகத்தைத் தேடித் தேடிக் கிடைக்காமல் அலைகிறது என்று பொருள். ஏன் சில கவர்னர்கள் நிலைகொள்கின்றன, சில அலைகின்றன என்பதைக் கணிதமாக ஆராய்ந்து, மின்காந்தவியலில் நாம் படித்த அதே ஜேம்ஸ் கிளார்க் மேக்ஸ்வெல் 1868-இல் ஒரு கட்டுரை எழுதினார். இன்று பட்டறையில் "ஐடிலிங் ஏறி ஏறி இறங்குது சார்" என்று நீங்கள் சொல்வது மேக்ஸ்வெல் அலசிய அதே நோய்தான்.

அடுத்து கார். 1893-ஐ ஒட்டி ஜெர்மனியில் வில்ஹெல்ம் மேபாக்கும், ஹங்கேரியில் டொனாட் பாங்கி, யானோஷ் சோங்கா இருவரும் பெட்ரோலை நுண்துளை வழியே காற்றில் தூவுகிற கார்பரேட்டரை உருவாக்கினார்கள். அந்தக் கார்பரேட்டரின் தொண்டையில் வாட்டின் தகடு குடியேறியது. 1908-இல் வந்த ஃபோர்டு மாடல் டி காரில் ஆக்சிலரேட்டர் காலில் இல்லை. ஸ்டீயரிங்குக்குக் கீழே வலப்பக்கம் இருந்த ஒரு சின்ன நெம்புகோல்தான் த்ராட்டில். கையால் நகர்த்த வேண்டும். பிற்பாடுதான் மிதி எல்லாக் கார்களுக்கும் பொதுவானது.

இப்போது நம் ஊர்ப் பட்டறைக்கு வருவோம். 1958 முதல் 2014 வரை உத்தர்பாராவில் தயாரான அம்பாசடர், மும்பையில் தயாரான பத்மினி, 1983 டிசம்பரில் சாலைக்கு வந்த மாருதி 800 என்று ஒரு தலைமுறைக் கார்கள் கார்பரேட்டரில் ஓடியவை. அந்தக் கார்பரேட்டரில் இரண்டு திருகுகள் முக்கியம். ஒன்று, தகடு முழுவதும் மூடிவிடாமல் எங்கே நிற்க வேண்டும் என்று தாங்கிப் பிடிக்கும் திருகு. ஸ்லோ ஸ்க்ரூ என்பீர்கள். மற்றது, ஸ்லோவில் நிற்கும்போது காற்றோடு சேரும் பெட்ரோல் அளவைத் திருத்தும் திருகு. மெக்கானிக் வண்டியைச் சூடேற்றி, காதைக் கொடுத்து, ஸ்க்ரூ டிரைவரைக் கால் சுற்று இப்படி, அரைச் சுற்று அப்படித் திருப்பி, "இப்ப சரி" என்பார். வண்டி பூனை மாதிரி உறுமிக்கொண்டு நிற்கும்.

கவனியுங்கள். அந்த ஸ்லோ ஸ்க்ரூதான் சுழி. தகட்டின் தொடக்க நிலை எது என்பது ஓர் இரும்புத் திருகில் எழுதப்பட்டிருந்தது. அதைப் படிக்கும் கருவி மெக்கானிக்கின் காது, திருத்தும் கருவி அவர் கை. கார்பரேட்டரைக் கழுவினால் உடனே ஸ்லோ வைத்துவிடுவார். சுத்தம் செய்வதும் சுழித்திருத்தமும் ஒரே ஆள் செய்யும் ஒரே வேலையாக இருந்தன. பள்ளிப் படிப்பு அதிகம் இல்லாதவர்கூட அதில் பேராசிரியராக இருக்க முடிந்தது.

இந்த ஏற்பாட்டை மாற்றியது காற்று மாசு. 1943 கோடையில் லாஸ் ஏஞ்சல்ஸ் நகரத்தைக் கண் எரிக்கும் புகைமூட்டம் சூழ்ந்தது. பின்னர் கால்டெக் கல்வி நிறுவனத்தின் வேதியியலாளர் ஆரி ஹாகன்-ஸ்மிட், காரிலிருந்து வெளியேறும் எரியாத பெட்ரோல் ஆவியும் நைட்ரஜன் ஆக்சைடுகளும் வெயிலில் வினைபுரிந்தே அந்தப் புகைமூட்டம் உருவாகிறது என்று விளக்கினார்.

அதன் பிறகு எடுத்த முதல் நடவடிக்கைகளில் ஒன்று, நம் கேள்விக்கு நேராகத் தொடர்புடையது. இன்ஜினில் பிஸ்டன் ரிங்கைத் தாண்டிக் கொஞ்சம் வாயு கீழே எண்ணெய் இருக்கும் அறைக்குள் கசியும். அந்த எண்ணெய் ஆவியை முன்பெல்லாம் ஒரு குழாய் வழியாகச் சாலையில் விட்டுவிடுவார்கள். 1960-களின் தொடக்கத்தில் அமெரிக்கக் கார்களில் அதைத் திரும்ப இன்ஜினின் காற்றுப் பாதைக்கே கொண்டுவந்து எரிக்கும் ஏற்பாடு வந்தது. பி.சி.வி. வால்வு என்று நீங்கள் சொல்வது அதைத்தான். ஊரின் காற்று தூய்மையானது. ஆனால் அந்த எண்ணெய் ஆவியும் கரியும் தூசியோடு சேர்ந்து த்ராட்டில் தகட்டின் விளிம்பில் பிசினாகப் படியத் தொடங்கின. நீங்கள் இன்று துணியால் துடைத்தெடுக்கும் அந்தக் கறுப்புப் பிசின், ஒரு காலத்தில் தெருவில் நடந்தவர்களின் மூச்சுக்குப் போனது. இதை நினைத்துக்கொண்டு துடைத்தால் அழுக்குமீது கோபம் வராது.

1970-இல் அமெரிக்கா தூய காற்றுச் சட்டத்தைக் கடுமையாக்கியது. கார்பன் மோனாக்சைடையும் எரியாத ஹைட்ரோகார்பன்களையும் 90 விழுக்காடு குறைக்கச் சொன்னது. அதற்கு வழியாக வந்தது வினையூக்கி மாற்றி, அதாவது கேட்டலிடிக் கன்வெர்ட்டர். மூன்று நச்சுகளையும் ஒருங்கே அடக்கும் மாற்றிக்கு ஒரு நிபந்தனை உண்டு. எடையில் 14.7 பங்கு காற்றுக்கு 1 பங்கு பெட்ரோல் என்ற விகிதம் பிசகாமல் இருக்க வேண்டும். காதும் ஸ்க்ரூ டிரைவரும் எவ்வளவு கெட்டியானாலும் நொடிக்கு நொடி இதைக் காப்பாற்ற முடியாது. ஆகவே புகையில் மிஞ்சும் ஆக்சிஜனை முகர்ந்து சொல்லும் உணரி வந்தது. பாஷ் நிறுவனம் தயாரித்த அந்த லாம்டா உணரி 1976-இல் அமெரிக்காவுக்குப் போன வால்வோ கார்களில் இடம்பெற்றது. பெட்ரோலைக் கணக்கிட்டுத் தெளிக்கும் மின்னணு முறையைப் பாஷ் 1967-லேயே ஃபோக்ஸ்வாகன் காரில் கொண்டுவந்துவிட்டது. உணரி, கணினி, இன்ஜெக்டர் மூன்றும் சேர்ந்து கார்பரேட்டருக்கு விடை கொடுத்தன.

நம் நாட்டில் 1995 ஏப்ரலில் நான்கு பெருநகரங்களில் புதுப் பெட்ரோல் கார்களுக்கு வினையூக்கி மாற்றி கட்டாயமானது. 2000-இல் பாரத் ஸ்டேஜ் விதிமுறைகள் தொடங்கின. மாருதி 800-இலும் அந்தக் காலகட்டத்தில்தான் இன்ஜெக்டர் வந்தது. 2020 ஏப்ரலில் பி.எஸ். 6 வந்தபோது இருசக்கர வாகனங்களிலும் கார்பரேட்டர் அநேகமாக மறைந்துவிட்டது. கிராமத்து டூ-வீலர் மெக்கானிக்கூட த்ராட்டில் பாடி, சென்சார் என்று பேச வேண்டிய நாள் வந்தது இப்படித்தான்.

இந்தக் கட்டம் வரை தகட்டை இழுத்தது கேபிள்தான். கணினி தகட்டின் கோணத்தை ஓர் உணரி மூலம் பார்த்துக்கொண்டு மட்டும் இருந்தது. ஸ்லோவுக்குத் தகட்டைச் சுற்றிப் போகும் தனிக் காற்றுப் பாதையும், அதைக் கட்டுப்படுத்த ஒரு குட்டி வால்வும் இருந்தன. பழைய ஸ்லோ ஸ்க்ரூ இருக்கும். ஆனால் அதன்மீது தொழிற்சாலையிலேயே பெயின்ட் வைத்து, தொடாதே என்று குறிப்பால் சொல்லிவிடுவார்கள். சுழி, மெக்கானிக்கின் கையிலிருந்து நழுவத் தொடங்கியது அங்கேதான்.

முழுதாக நழுவியது அடுத்த படியில். விமானத்தில் விமானியின் கைப்பிடிக்கும் இறக்கைக்கும் இடையே இருந்த கம்பிகளை எடுத்துவிட்டு, கணினி வழியாக ஓட்டிக்காட்டியது நாசா. 1972 மே 25-இல் பறந்த அந்த எஃப்-8 விமானத்தில் இருந்தது அப்போலோ நிலவுப் பயணத்துக்காகச் செய்த கணினி. அதே கருத்து காருக்கும் வந்தது. 1987-இல் அறிமுகமான 12 சிலிண்டர் பி.எம்.டபிள்யூ. 750 காரில் மிதிக்கும் த்ராட்டிலுக்கும் இடையே கேபிள் கிடையாது. மிதி ஒரு வேண்டுகோளை மட்டும் அனுப்பும். கணினி அதைப் பரிசீலித்து, ஒரு மோட்டார் மூலம் தகட்டைத் திருப்பும். 1990-களின் இறுதியிலிருந்து இது சாதாரணக் கார்களுக்கும் பரவியது. சக்கரம் வழுக்கினால் காற்றைக் குறைக்கலாம், குரூஸ் கண்ட்ரோலுக்குத் தனிக் கருவி வேண்டாம், ஸ்லோவுக்கும் தனி வால்வு வேண்டாம். தகட்டையே ஓரிரு டிகிரி திறந்து வைத்தால் போதும்.

இப்போது கேள்விக்கு விடை. இந்த மோட்டார் த்ராட்டிலில் மூன்று சுழிகள் இருக்கின்றன.

முதலாவது மிதிச் சுழி. கால் எடுத்த நிலையில் மிதியின் உணரி எத்தனை வோல்ட் காட்டுகிறது?

இரண்டாவது கோணச் சுழி. தகடு முழுவதும் மூடி அடித்தடையில் முட்டும்போது அதன் உணரி எத்தனை வோல்ட் காட்டுகிறது? 5 வோல்ட் கொடுத்தால் மூடிய நிலையில் சுமார் 0.5 வோல்ட், முழுதும் திறந்தால் சுமார் 4.5 வோல்ட் என்பது பல உணரிகளின் பொதுவான அளவு. ஆனால் எந்த இரண்டு உணரியும் அச்சாக ஒன்றுபோல இருக்காது. அதனால் த்ராட்டில் பாடியை மாற்றினால் இந்தச் சுழியை மறுபடி பார்த்தே ஆக வேண்டும்.

மூன்றாவது காற்றுச் சுழி. ஸ்லோவில் இன்ஜின் நிமிடத்துக்கு ஏறத்தாழ 700 அல்லது 800 சுற்றில் நிற்க, தகட்டை எவ்வளவு திறந்தால் போதும்?

சிக்கல் இந்த மூன்றாவதில்தான். தகட்டின் விளிம்பில் பிசின் படியப் படியக் காற்று போகும் இடுக்கு குறுகும். கணினி அதை உணர்ந்து, தகட்டைக் கொஞ்சம் கொஞ்சமாகக் கூடுதலாகத் திறந்து ஈடுசெய்யும். அந்தத் திருத்தத்தை நினைவிலும் எழுதிவைக்கும். இப்படி மாதக்கணக்கில், ஆண்டுக்கணக்கில் அது அழுக்கோடு வாழப் பழகியிருக்கிறது. ஒரு நாள் காலை நீங்கள் தகட்டைப் பளிச்சென்று துடைத்துவிடுகிறீர்கள். இடுக்கு பழையபடி அகலமாகிவிட்டது. கணினிக்கு அது தெரியாது. நினைவில் இருக்கிற பழைய கோணத்துக்கே திறக்கிறது. காற்று அதிகமாகப் போகிறது, இன்ஜின் கத்துகிறது. குறைக்கப் பார்க்கிறது, அதிகமாகக் குறைத்துவிடுகிறது, மறுபடி ஏற்றுகிறது. இதுதான் அந்த அலைச்சல். ஸ்லோ வேகம் எதிர்பார்த்ததைவிடக் கூடுதல் என்று சொல்லும் பி0507 என்ற கோடு வருவதும் பெரும்பாலும் இதனால்.

இதற்கு மறுதலையும் உண்டு. தகடு அழுக்காகவே இருக்கும்போது பேட்டரியைக் கழற்றி மாட்டினால் சில கார்களில் கற்ற திருத்தம் அழிந்துபோகும். புதுக் காருக்கான கோணத்துக்குத் திறக்கும், ஆனால் இடுக்கில் பிசின் அடைத்திருக்கும். வண்டி சிக்னலில் நின்றதும் ஆஃப் ஆகும். "பேட்டரி மாத்தினதும் இன்ஜின் போச்சு" என்று சண்டைக்கு வருகிற வாடிக்கையாளரின் கதை இதுதான்.

ஆகவே இரண்டு வரிப் பதில்: தகட்டிலிருந்து அழுக்கை எடுத்துவிட்டீர்கள், கணினியின் நினைவிலிருந்து எடுக்கவில்லை. சுழித்திருத்தம் செய்யுங்கள்.

எப்படிச் செய்வது என்பது காருக்குக் கார் மாறும். எடுத்துக்காட்டுக்கு நிசான் கார்கள் பலவற்றில் கருவி இல்லாமலே செய்யும் முறை ஒன்று உண்டு. நான் சொன்ன மூன்று சுழிக்கும் அதில் மூன்று படிகள் இருப்பதைப் பாருங்கள். மிதியைத் தொடாமல் சாவியை ஆன் செய்து குறைந்தது 2 வினாடி, ஆஃப் செய்து 10 வினாடி, மறுபடி ஒருமுறை அதேபோல். இது மிதிச் சுழி. பிறகு ஆன் செய்து ஆஃப் செய்து 10 வினாடி காத்திருந்தால், தகடு அசையும் சத்தம் கேட்கும். இது கோணச் சுழி. கடைசியில் இன்ஜினை நன்றாகச் சூடேற்றி, ஆஃப் செய்து 10 வினாடி விட்டு, சாவியை ஆன் செய்து 3 வினாடி. பிறகு 5 வினாடிக்குள் 5 முறை மிதியை முழுக்க அழுத்தி விட வேண்டும். 7 வினாடி காத்திருந்து, மிதியை மீண்டும் அழுத்தி ஏறத்தாழ 20 வினாடி பிடித்தால், சிமிட்டிக்கொண்டிருக்கும் இன்ஜின் விளக்கு நிலையாக எரியும். 3 வினாடிக்குள் மிதியை விட்டு, இன்ஜினை ஓடவிட வேண்டும். இது காற்றுச் சுழி. தோப்புக்கரணம் போல இருக்கிறது என்று சிரிக்கலாம். உள்ளே நடப்பது என்னவோ நம் திருகு அளவிப் பாடம்தான்.

ஃபோக்ஸ்வாகன் குழுமக் கார்களில் ஸ்கேனர் கருவியை மாட்டி அடிப்படை அமைப்பு என்ற கட்டளை கொடுக்க வேண்டும். வேறு சில கார்கள் சில நாள் ஓட்டினால் தாமே கற்றுக்கொள்ளும். உங்கள் வண்டியின் சர்வீஸ் கையேட்டில் என்ன இருக்கிறதோ அதுதான் வேதம். நான் மேலே எழுதியதை எல்லா வண்டிக்கும் செய்து பார்க்காதீர்கள்.

பொதுவான எச்சரிக்கைகள் சில. பேட்டரி நல்ல நிலையில் இருக்க வேண்டும். ஏ.சி., விளக்கு எல்லாம் அணைத்திருக்க வேண்டும். சாவி ஆன் நிலையில் தகட்டில் விரல் வைக்கக் கூடாது. மோட்டார் திடீரென்று மூடினால் விரல் நசுங்கும். க்ளீனரை நேரே அடிக்காமல் துணியில் நனைத்துத் துடைப்பது நல்லது. அச்சின் வழியாக உணரிக்குள் இறங்கினால் செலவு பெரிது. சில தகடுகளில் அழுக்கு ஒட்டாத பூச்சு உண்டு, அதைச் சுரண்டக் கூடாது. இவ்வளவும் செய்த பிறகும் ஸ்லோ இறங்கவில்லையென்றால் எங்காவது காற்றுக் கசிவு இருக்கிறதா என்று பாருங்கள். சுழித்திருத்தம் ஓட்டையை அடைக்காது.

"ஸ்லோ கொஞ்சம் ஏறினா என்ன சார், குடியா மூழ்கிப்போகும்?" என்று கேட்பவர்களுக்கு இரண்டு நிகழ்ச்சிகள்.

1980-களில் அமெரிக்காவில் ஆடி 5000 கார்கள் தாமாகவே பாய்கின்றன என்று பெரும் புகார் எழுந்தது. அமெரிக்கச் சாலைப் பாதுகாப்பு அமைப்பு ஆராய்ந்து 1989-இல் அறிக்கை தந்தது. பெரும்பாலும் ஓட்டுநர்கள் பிரேக் என்று நினைத்து ஆக்சிலரேட்டரை மிதித்ததே காரணம் என்றது. கூடவே, சில கார்களில் ஸ்லோவை நிலைநிறுத்தும் கருவி பழுதாகி வண்டி இலேசாகத் துள்ளியிருக்கலாம், அந்தத் திடுக்கிடலில் கால் தவறியிருக்கலாம் என்றும் சொன்னது. சின்னச் சுழிப்பிழை, பெரிய மனிதப் பிழைக்குக் கதவு திறந்துவிட்டிருக்கிறது.

இரண்டாவது டொயோட்டா. 2009, 2010-இல் கால்மிதி விரிப்பில் மிதி சிக்கிக்கொள்வது, மிதி ஒட்டிக்கொள்வது ஆகிய காரணங்களால் பல லட்சம் கார்கள் திரும்ப அழைக்கப்பட்டன. மின்னணு த்ராட்டிலே காரணமோ என்ற ஐயம் எழ, நாசா பொறியாளர்கள் ஆராய்ந்தார்கள். த்ராட்டில் தானாகப் பெரிதாகத் திறந்துகொள்ளும்படியான மின்னணுக் குறை எதையும் காணவில்லை என்று 2011 பிப்ரவரியில் அறிக்கை வந்தது. 2013-இல் ஓக்லஹோமா மாநிலத்தில் ஒரு வழக்கில் ஜூரி டொயோட்டாவுக்கு எதிராகத் தீர்ப்பளித்தது. 2014-இல், பாதுகாப்புக் குறைகள் பற்றிப் பொதுமக்களைத் தவறாக வழிநடத்தியதற்காக அமெரிக்க நீதித்துறையிடம் 120 கோடி டாலர் கட்ட அந்த நிறுவனம் ஒப்புக்கொண்டது.

இந்த அச்சத்துக்கான காப்பு த்ராட்டிலின் அமைப்பிலேயே இருக்கிறது. மிதியிலும் தகட்டிலும் உணரிகள் இரட்டையாக இருக்கும். இரண்டும் வெவ்வேறு கணக்கில் வோல்ட் காட்டும். இரண்டின் பேச்சும் ஒத்துப்போகவில்லையென்றால் கணினி எதையும் நம்பாது. பி2135 என்ற கோடு அதைத்தான் சொல்கிறது. உடனே மோட்டாருக்கு மின்சாரத்தை நிறுத்தும். ஸ்பிரிங் தகட்டைச் சற்றே திறந்த ஒரு நிலையில் கொண்டுவந்து நிறுத்தும். வண்டி ஊர்ந்து ஓரம் சேரும், பாயாது. இந்தக் கோடு வந்த வண்டிக்கு வெறும் சுழித்திருத்தம் செய்து அனுப்பிவிடக் கூடாது. ஒயரையும் உணரியையும் பார்த்தாக வேண்டும். சாட்சிகள் இருவர் முரண்படும்போது கோப்பை மூடுவது நீதியில்லை.

கடைசியாக, என் மனத்தில் இருக்கிற முக்கியமான செய்தி. சுழி இருந்த இடங்களைத் திரும்பிப் பாருங்கள். வாட் காலத்தில் இரும்புக் குண்டுகளில் இருந்தது. பிறகு ஒரு திருகில் இருந்தது, எவரும் தொடலாம். இப்போது கணினி நினைவில் இருக்கிறது. திறக்கச் சாவி வேண்டும். அந்தச் சாவி யாரிடம்?

இந்தியப் போட்டி ஆணையத்திடம் 2011-இல் ஒரு தனிமனிதர் புகார் கொடுத்தார். கார் நிறுவனங்கள் உதிரிபாகங்களையும், பழுது கண்டறியும் கருவிகளையும், தொழில்நுட்பக் கையேடுகளையும் வெளிச் சந்தைக்குக் கிடைக்காமல் வைத்திருக்கின்றன என்பது புகார். ஆணையம் 2014 ஆகஸ்டில் 14 நிறுவனங்கள்மீது சுமார் 2,545 கோடி ரூபாய் அபராதம் விதித்து, அவற்றைச் சுயேச்சைப் பட்டறைகளுக்கும் கிடைக்கச் செய்யும்படி உத்தரவிட்டது. நிறுவனங்கள் மேல்முறையீட்டுக்குப் போயின. அமெரிக்காவின் மாசசூசெட்ஸ் மாநிலத்தில் 2012-இல் மக்களே வாக்களித்துப் பழுதுபார்க்கும் உரிமைக்குச் சட்டம் கொண்டுவந்தார்கள். நம் ஒன்றிய அரசும் 2022 டிசம்பரில் பழுதுபார்க்கும் உரிமைக்கு ஓர் இணையதளம் தொடங்கியது. அதன் நான்கு துறைகளில் வாகனமும் ஒன்று.

இதில் வேலையும் வருமானமும் அடங்கியிருக்கின்றன. காதால் ஸ்லோ வைத்த ஒரு கைத்தொழிலாளி, பத்து வினாடிக் கட்டளை தெரியாத காரணத்தால் வாடிக்கையாளரை இழக்கிறார். அந்த வாடிக்கையாளர், நல்ல த்ராட்டில் பாடியைத் தூக்கி எறிந்துவிட்டுப் பல ஆயிரம் கொடுத்துப் புதிது வாங்குகிறார். யாரும் ஏமாற்ற வேண்டியதே இல்லை. ஒரு சுழித்திருத்தம் தெரியாவிட்டால் போதும்.

ஆகவே ஒரு வேண்டுகோள். பட்டறை வைத்திருக்கும் பிள்ளைகளே, எல்லா நிறுவன வண்டிக்கும் பொருந்தும் ஸ்கேனர் ஒன்றை நாலு பேர் சேர்ந்தாவது வாங்குங்கள். சுத்தம் செய்யும் முன் ஸ்லோவில் த்ராட்டில் எத்தனை விழுக்காடு திறந்திருக்கிறது என்று பாருங்கள். செய்த பின்னும் பாருங்கள். ஆய்வகக் குறிப்பேட்டில் எழுதியது போலவே எழுதிவையுங்கள். ஆறு மாதத்தில் உங்கள் குறிப்பேடே உங்கள் கையேடாகிவிடும்.

ஒரகடத்திலும் ஸ்ரீபெரும்புதூரிலும் பெங்களூரிலும் கார் நிறுவனங்களில் வேலை பார்க்கும் பிள்ளைகளே, நீங்கள் எழுதும் மென்பொருளிலும் கையேட்டிலும் இந்தச் சுழித்திருத்தத்துக்கு எளிய வழி ஒன்று இருக்கும்படி உங்கள் கூட்டங்களில் பேசுங்கள். முடிந்தால் தமிழிலும் இருக்கட்டும்.

வண்டி மட்டும் வைத்திருக்கும் உறவினர்களுக்கு: த்ராட்டில் சுத்தம் செய்தால், "ரீலேர்ன் பண்ணிட்டீங்களா தம்பி?" என்று ஒரு வார்த்தை கேட்டுவிட்டுச் சாவியை வாங்குங்கள்.

உங்கள் வண்டியில் இந்த வேலையை எப்படிச் செய்தீர்கள், எந்த வண்டி, எந்த வருட மாடல் என்று கீழே எழுதுங்கள். தொகுத்து ஒரே பட்டியலாக்கிக் குழுவில் போடுகிறேன். எல்லோருக்கும் பயன்படும்.

அன்புடன்,
உங்கள் இயற்பியல் ஆசிரியர்